அத்தியாயம் 6: திருச்சியில் இருந்தபடியே எடிட்டர் ஆவது

சென்னைக்கு ரயில் ஏறுவதற்கு முந்தைய இரண்டு மூன்று வருடங்களைப் பற்றியது இந்த அத்தியாயம். எடிட்டிங் கற்றுக்கொள்ள வேண்டும் என்று திருச்சியில் விசாரித்து வருகிறவர்கள் முதலில் கேட்பது, "எந்த சாஃப்ட்வேர் சார்?" என்பதைத்தான். சாஃப்ட்வேரை மூன்று மாதத்தில் கற்றுக்கொள்ளலாம். கையும் கண்ணும் ஒத்துழைக்கும் வயதென்றால் அதற்குள்ளாகவே முடியும். ஆனால் சென்னை சாலிகிராமத்தில் ஒரு சீனியர் எடிட்டர் உங்களை உதவியாளராகச் சேர்த்துக்கொள்ளும்போது ஷார்ட்கட் கீ எத்தனை தெரியும் என்று பார்ப்பதில்லை. அடுத்தவர் உழைத்து எடுத்த காட்சிகளை ஒரு துண்டுகூடத் தொலையாமல் காப்பாற்றத் தெரியுமா, அத்தனையையும் வேகமாக ஓட்டாமல் உட்கார்ந்து முழுசாகப் பார்க்கிற பொறுமை உண்டா என்றுதான் பார்ப்பார்.

இந்த இரண்டையும் திருச்சியிலேயே, கூலியும் கொடுத்துக் கற்றுத்தருகிற இடம் ஒன்று இருக்கிறது. கல்யாண வீடியோ எடிட்டிங். சினிமாக் கனவு உள்ளவர்களுக்கு அந்த வேலை மேல் ஓர் இளக்காரம் உண்டு. எனக்கு அது இல்லை. அந்த வேலை எடிட்டிங்கில் பாதியை மிக நன்றாகச் சொல்லித்தருகிறது. மற்ற பாதியைத் தலைகீழாகச் சொல்லித்தருகிறது. எது எந்தப் பாதி என்று தெரிந்துகொண்டு அதில் இறங்கினால் போதும்.

கொஞ்சம் பரம்பரை

தென்னிந்தியாவில் படம் காட்டுகிற தொழிலுக்கு ஒரு வேர் திருச்சியில் இருக்கிறது என்று சொன்னால் பலர் நம்புவதில்லை. 1905-இல் திருச்சியில் தென்னிந்திய ரயில்வேயில் பணியாற்றிக்கொண்டிருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், து பாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரையும் சில துண்டுப் படங்களையும் விலைக்கு வாங்கி, ஊர் ஊராகக் கொண்டுபோய்க் காட்டினார். 1914-இல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டியவரும் அவரே. அந்தக் காலத்து டூரிங் சினிமாக்காரர்களிடம் இருந்தவை சின்னச் சின்னத் துண்டுகள். எதை முதலில் ஓட்டுவது, எதைக் கடைசியில் ஓட்டுவது என்று காட்டுகிறவரே முடிவு செய்ய வேண்டும். கூட்டம் எங்கே கொட்டாவி விடுகிறது என்பதைக் கூடாரத்துக்குள் நின்றே பார்த்துக்கொள்ளலாம். இன்றைய எடிட்டர்களுக்கு அந்த வசதி கிடையாது என்பது என் நெடுநாள் பொறாமை.

தமிழ் எடிட்டிங்கில் குரு - சிஷ்ய வரிசை தெளிவாகவே தெரியும். 'பராசக்தி' (1952) எடுத்த கிருஷ்ணன் - பஞ்சு இரட்டையரில் பஞ்சு ஓர் எடிட்டர்; 'பஞ்சாபி' என்ற பெயரில் படங்களைத் தொகுத்தவர். அவர்களிடம் உதவி எடிட்டராகத் தொடங்கியவர்தான் பின்னாளில் 'பா' வரிசைப் படங்களை எடுத்த ஏ. பீம்சிங். அவருடைய மகன் பி. லெனின். லெனினும் வி.டி. விஜயனும் சேர்ந்து தொகுத்த 'காதலன்' தேசிய விருது பெற்றது. அந்த இருவரிடம் உதவியாளராக இருந்தவர் விழுப்புரம் மாவட்டத்திலிருந்து வந்த கிஷோர். 'ஈரம்' (2009) படத்தில் எடிட்டராகி, 'ஆடுகளம்' படத்துக்குத் தேசிய விருது வாங்கினார். 'விசாரணை' வேலை நடந்துகொண்டிருந்த 2015 மார்ச்சில் காலமானார்; அந்தப் படத்துக்கான தேசிய விருது அவர் மறைவுக்குப் பிறகு வந்தது. வயது நாற்பதைத் தொடவில்லை.

இந்த வரிசையில் பெரும்பாலும் பட்டம் குறுக்கே வரவில்லை. ஓர் ஆளின் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்ததுதான் படிப்பு. பல தேசிய விருதுகள் வாங்கிய ஸ்ரீகர் பிரசாத்தும் படித்தது இலக்கியம். எடிட்டிங்கை எடிட்டரான அப்பா சஞ்சீவியிடம் கற்றார். உங்கள் அப்பா எடிட்டராக இல்லாவிட்டால் பக்கத்தில் உட்காரும் இடத்தை நீங்களே சம்பாதிக்க வேண்டும்.

கார்டு கைக்கு வந்த நிமிடம்

ஸ்ரீரங்கத்தில் உத்திர வீதி, சித்திரை வீதிப் பக்கம் ஒரு முகூர்த்த நாளை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் நாள் நிச்சயதார்த்தம், ரிசப்ஷன். மறுநாள் விடிகாலையில் காசி யாத்திரை, மாலை மாற்றல், ஊஞ்சல், கன்னிகாதானம், மாங்கல்ய தாரணம், சப்தபதி. கேமரா இரண்டு அல்லது மூன்று. ஒன்று சோனி, ஒன்று கேனன், மாப்பிள்ளையின் நண்பர் போனில் எடுத்தது ஒன்று, மேலே டிரோன். சாயங்காலம் ஸ்டுடியோ அண்ணன் ஒரு கைப்பிடி கார்டைக் கொண்டுவந்து மேசையில் போடுவார். நீங்கள் எடிட்டரா, கம்ப்யூட்டர் ஓட்டுகிற பையனா என்பது அடுத்த ஒரு மணி நேரத்தில் தெரிந்துவிடும்.

கார்டைத் திறந்து தேவையான ஃபைலை மட்டும் இழுத்துப் போடாதீர்கள். கார்டில் இருக்கிற ஃபோல்டர் அமைப்பை அப்படியே முழுசாகக் காப்பி எடுங்கள். சில கேமராக்களில் வீடியோவுக்கு வேண்டிய தகவல் பக்கத்து ஃபோல்டரில் கிடக்கும். இரண்டு தனித்தனி டிஸ்க்கில் காப்பி, மூன்றாவது வேறொரு கட்டடத்தில். ஒரே டிஸ்க்கில் இரண்டு ஃபோல்டர் போட்டுவிட்டு 'பேக்கப் இருக்கு' என்று சொல்வது நம் ஊரில் சகஜம். அது பேக்கப் இல்லை. காப்பியானதும் ஃபைல் எண்ணிக்கையும் மொத்த அளவும் பொருந்துகிறதா என்று பாருங்கள். நாலைந்து ஃபைலைத் திறந்து நடுவிலும் கடைசியிலும் ஓட்டிப் பாருங்கள். அதுவரை கார்டை அழிக்க யாரையும் விடாதீர்கள், அண்ணனே அவசரப்பட்டாலும்.

அடுத்தது பெயர். 'ஃபைனல்', 'ஃபைனல் புதுசு', 'ஃபைனல் ஓகே' என்று வைக்கிற பழக்கத்தை இன்றே விட்டுவிடுங்கள். தேதி, கேமரா, கார்டு எண், சடங்கின் பெயர். எந்தக் கல்யாணத்திலும் இதே வரிசை. சினிமாவில் இது சீன் எண், ஷாட் எண், டேக் எண் என்று மாறும். பழக்கம் ஒன்றுதான். உங்களுக்குக் காய்ச்சல் வந்து வேறொருவர் உங்கள் நாற்காலியில் உட்கார்ந்தால், கேட்காமலே அவருக்கு ஃபைல் கிடைக்க வேண்டும்.

பிறகு ஃபிரேம் ரேட். சினிமா நொடிக்கு 24 ஃபிரேம். நம் ஊர் வீடியோ பெரும்பாலும் 25. போன் 30 என்று காட்டும், ஆனால் வெளிச்சத்தைப் பொறுத்துத் தானாகவே கூட்டிக் குறைத்துக்கொள்ளும். அப்படி ஏறி இறங்கும் ஃபைலை நேரே டைம்லைனில் போட்டால் முதல் பத்து நிமிடம் எல்லாம் சரியாக இருக்கும், போகப் போக உதடு ஒரு பக்கம், மந்திரம் ஒரு பக்கம். முதலில் அதை நிலையான ஃபிரேம் ரேட்டுக்கு மாற்றிக்கொள்ளுங்கள். 30-க்கும் 29.97-க்கும் என்ன பெரிய வித்தியாசம் என்று தோன்றும். ஆயிரத்தில் ஒரு பங்குதான். ஆனால் ஒரு மணி நேர நாதஸ்வரக் கச்சேரியில் அது 3.6 நொடி. வாசிப்பவர் சீவாளியை வாயிலிருந்து எடுத்த பிறகும் சத்தம் வந்துகொண்டிருக்கும்.

4கே ஃபைல்கள் உங்கள் கம்ப்யூட்டரை மூச்சுத் திணற வைத்தால் புது கம்ப்யூட்டருக்குக் கடன் வாங்க வேண்டாம். பிராக்ஸி செய்யுங்கள்: அதே காட்சிகளின் எடை குறைந்த நகலில் வெட்டிவிட்டு, முடிவில் மூலத்தோடு இணைப்பது. டாவின்சி ரிசால்வ் இலவசப் பதிப்பே இதற்குப் போதும். பெரிய படங்களும் இப்படித்தான் வெட்டப்படுகின்றன. 35 எம்.எம். காலத்திலும் இதே முறைதான். நெகட்டிவைத் தொடாமல் அதன் பிரிண்டை வெட்டி ஒட்டுவார்கள்; எல்லாம் முடிவான பிறகு ஓர எண்களைப் பார்த்து நெகட்டிவ் கட்டர் மூலத்தை வெட்டுவார். நிமிடத்துக்கு 90 அடி, ஓர் அடிக்கு 16 ஃபிரேம். தவறாக வெட்டினால் ஒட்டிய இடத்தில் தழும்பு. அந்த பயம் ஒரு நல்ல ஆசிரியராக இருந்தது. ஆவிட் என்ற எடிட்டிங் சாஃப்ட்வேரில் தொகுக்கப்பட்ட முதல் இந்தியப் படம் என்று சொல்லப்படுவது 'மகாநதி' (1994). ஸ்ரீரங்கத்துக்காரரான வாலி ரங்கநாதரைப் பற்றி எழுதிய பாட்டு இருக்கிற அதே படம். ஆவிட் வந்த பிறகு வெட்டுவது எளிதாயிற்று, யோசிக்காமல் வெட்டுவதும்.

கெட்டிமேளம் எங்கே தொடங்க வேண்டும்

இனி நாற்பது நொடியை மட்டும் நெருங்கிப் பார்ப்போம். மாங்கல்ய தாரணம். மூன்று கேமராவும் ஓடுகின்றன. முதல் கேமரா மணமக்களின் நெருக்கமான ஷாட். பாதியில் ஒரு சித்தப்பாவின் முதுகு மறைக்கிறது. இரண்டாவது கேமரா மேடை முழுவதும். மூன்றாவது கேமராக்காரர் எதையோ தேடிப் போகும்போது பெண்ணின் அம்மா மேல் தற்செயலாகச் சில நொடி நின்றிருக்கிறார். ஃபோகஸ் கொஞ்சம் தாமதமாக வருகிறது.

வழக்கமாக என்ன செய்வார்கள்? முதல் கேமராவில் தாலி, முதுகு வந்ததும் இரண்டாவது கேமரா, மேலே ஒரு சினிமாப் பாட்டு, அட்சதை விழும்போது ஸ்லோ மோஷன். பார்க்கிறவருக்குத் தாலி கட்டியது தெரியும். அவ்வளவுதான்.

இப்படிச் செய்து பாருங்கள். பாட்டைத் தூக்கிவிடுங்கள். மேடையில் ஐயர் "கெட்டிமேளம், கெட்டிமேளம்" என்று கை தூக்குவதற்குக் கொஞ்சம் முன்பிருந்து இருக்கிற சத்தத்தை மட்டும் கேளுங்கள்: சலசலப்பு, யாரோ குழந்தையை அதட்டுவது, தவில்காரர் குச்சியைச் சரிசெய்வது. மேளம் வெடிக்கும் இடத்தில் படத்தை மணமக்களிடம் கொண்டுபோகாமல் அம்மாவின் முகத்தில் வையுங்கள். மேளம் காதில் விழுகிறது, தாலி கண்ணில் படவில்லை. அவர் முகத்தில் ஏதோ நடக்கிறது. அது முடிகிற இடத்தில், முடிவதற்கு ஐந்தாறு ஃபிரேம் முன்னால், மாப்பிள்ளையின் கை முடிச்சுப் போடுகிற அசைவில் வெட்டுங்கள். ஃபோகஸ் தாமதமாக வந்ததை யாரும் கவனிக்கவே மாட்டார்கள்.

சத்தம் முன்னே போய்ப் படம் பின்னே வந்தால் அது ஜே கட்; படம் மாறிய பிறகும் பழைய சத்தம் தொடர்ந்தால் எல் கட். பெயர் முக்கியமில்லை. படமும் சத்தமும் ஒரே இடத்தில் வெட்டுப்பட வேண்டிய கட்டாயம் இல்லை என்பது கைக்கு வந்துவிட்டால் வசனக் காட்சிகளில் பாதி வேலை முடிந்தது. பேசுகிறவர் முகத்தில் படம் ஒட்டிக்கொண்டிருப்பது புதியவர் வேலையின் அடையாளம். வசனத்தைக் கேட்கிறவர் முகத்தில்தான் காட்சி பெரும்பாலும் நடக்கிறது.

கல்யாண வேலையில் சத்தத்தை அள்ளிக்கொள்ளுங்கள். கதவு, கொலுசு, இலை விரிப்பது, மண்டபத்து வெறும் இரைச்சல் எல்லாவற்றையும் தனித்தனியாகச் சேமித்து வையுங்கள். 48 கிலோஹெர்ட்ஸில் பதிவு செய்யும்படி மட்டும் கேமராக்காரரிடம் முன்கூட்டிச் சொல்லிவிடுங்கள்.

மறக்க வேண்டிய பாதி

"ஏம்ப்பா, எங்காத்து அத்திம்பேர் ஒரு இடத்துலகூட வரலையே? அவர் பெங்களூர்லேர்ந்து வந்து முழு நாளும் இருந்தார்."

ஸ்ரீரங்கத்தில் கல்யாண வீடியோ செய்த யாரும் இதைக் கேட்காமல் தப்பித்ததில்லை. மாமி கேட்பதில் நியாயம் இருக்கிறது. கல்யாண வீடியோ என்பது ஆவணம்; வந்தவர் எல்லாரும் அதில் இருக்க வேண்டும். "இதோ சேர்த்துடறேன் மாமி" என்று சொல்லி அத்திம்பேரைச் சேர்ப்பதே சரி. ஆனால் இதைத் தொடர்ந்து செய்துவரும் கை ஒரு கட்டத்தில் எதையும் விட முடியாத கையாகிவிடும். சினிமாவில் நடிகர் நன்றாக நடித்த காட்சி, மூன்று நாள் மழையில் நின்று எடுத்த காட்சி, தயாரிப்பாளர் அதிகம் செலவழித்த காட்சி எல்லாம் அத்திம்பேர்தான். படத்துக்கு வேண்டாமென்றால் போக வேண்டும். 'அபோகலிப்ஸ் நவ்' படத்துக்கு 230 மணி நேரத்துக்கும் மேலான ஃபிலிம் எடுக்கப்பட்டது; வால்டர் மர்ச் உள்ளிட்ட எடிட்டர்கள் சேர்ந்து இரண்டரை மணி நேரமாக்கினார்கள். போட்ட உழைப்பைப் பார்த்து இரக்கப்பட்டிருந்தால் அந்தப் படம் இன்னும் ஓடிக்கொண்டிருக்கும்.

அதே மர்ச், ஒரு வெட்டு நல்லதா என்று பார்க்க ஆறு அளவுகோல் சொல்லி மதிப்பெண்ணும் போட்டிருக்கிறார்: உணர்ச்சிக்கு 51, கதைக்கு 23, தாளத்துக்கு 10, மீதி பார்வை போகும் திசைக்கும் இடத் தொடர்ச்சிக்கும். எண்களைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாதீர்கள்; வரிசையை எடுத்துக்கொள்ளுங்கள். நம் பயிற்சி மையங்களில் இந்த வரிசையைக் கடைசியிலிருந்து சொல்லிக்கொடுக்கிறார்கள். தொடர்ச்சி தவறக் கூடாது, கையில் இருந்த டம்ளர் அடுத்த ஷாட்டில் காணாமல் போகக் கூடாது என்பதே பாடம். டம்ளர் காணாமல் போனால் போகட்டும், முகம் சரியாக இருக்கிறதா என்று பாருங்கள்.

இரண்டாவது கெட்ட பழக்கம் பாட்டு. வெட்டு சரியில்லாத இடத்தை இளையராஜா மூடிவிடுவார். பயிற்சிக்காகவாவது ஒரு கல்யாணத்தைப் பாட்டே இல்லாமல் தொகுத்துப் பாருங்கள். ஓட்டைகள் அத்தனையும் தெரியும். அதுபோக, உரிமம் இல்லாத பாட்டோடு யூடியூபில் ஏற்றினால் காப்பிரைட் கிளெய்ம் வரும். வாடிக்கையாளரிடம் இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. மூன்றாவது, டிரான்சிஷன். பூ விரிவது, இதயம் பறப்பது, பக்கம் புரள்வது. இதைப் பற்றி எழுத எனக்குப் பொறுமையில்லை. ஒரே ஒரு நேர் வெட்டு, தேவையானால் ஒரு டிசால்வ்.

ஆடியும் மார்கழியும்

முகூர்த்தம் இல்லாத மாதங்களில் ஸ்டுடியோ காற்றாடும். அண்ணன் போனைப் பார்த்துக்கொண்டிருப்பார். அந்த மாதங்கள்தான் உங்கள் பள்ளிக்கூடம். ஆடியில் பதினெட்டாம் பெருக்கு, மார்கழியில் பெரும்பாலும் வைகுண்ட ஏகாதசி என்று ஊர் நிரம்பி வழிவதும் அதே காலத்தில்தான். கோயிலுக்குள் கேமரா பற்றிய விதிகளை அலுவலகத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். வீதியும் படித்துறையுமே பயிற்சிக்குத் தாராளம். போன் கேமரா போதும்.

முதல் பயிற்சி 1-ஆம் நம்பர் பஸ். மத்திய பேருந்து நிலையத்திலிருந்து சத்திரம் வழியாக ஸ்ரீரங்கம் போகிற பஸ் காவிரிப் பாலத்தில் தெற்கிலிருந்து வடக்கே போகிறது. நீங்கள் பாலத்துக்கு மேற்கே நின்று கிழக்கே பார்த்து எடுத்தால் பஸ் திரையில் வலமிருந்து இடமாகப் போகும். கிழக்கே நின்று மேற்கே பார்த்து எடுத்தால் இடமிருந்து வலம். இரண்டையும் அடுத்தடுத்து ஒட்டிப் பாருங்கள். ஸ்ரீரங்கம் போன பஸ் பாதிப் பாலத்தில் மனம் மாறித் திரும்பி வருகிற மாதிரி இருக்கும். 180 டிகிரிக் கோடு என்று புத்தகங்கள் பக்கம் பக்கமாக விளக்குவது இதைத்தான். இப்போது இரண்டுக்கும் நடுவே பஸ்ஸுக்குள் உட்கார்ந்து, கண்ணாடி வழியே நேரே முன்னால் தெரியும் ராஜகோபுரத்தையோ டிரைவரின் கையையோ வையுங்கள். திசை மாறியது உறுத்தாது. கோட்டைத் தாண்டலாம், பார்வையாளரின் கையைப் பிடித்துத் தாண்ட வேண்டும்.

இரண்டாவது, மலைக்கோட்டை. நானூற்றுச் சொச்சம் படி. அடிவாரத்திலிருந்து உச்சிப் பிள்ளையார் வரை ஒருவர் ஏறுவதை எடுத்து நாற்பது நொடியாக்குங்கள். ஸ்பீடைக் கூட்டக் கூடாது, டிசால்வ் கூடாது. பார்த்து முடிப்பவருக்கு முழங்கால் வலிக்க வேண்டும். படிகள் பாறையைக் குடைந்து போகிற இருட்டும், வெளியே வந்ததும் முகத்தில் அடிக்கிற வெயிலும் உங்களுக்கு இலவசமாகக் கிடைத்த வெட்டுகள். முதல் முயற்சியில் எல்லோரும் ஏறும் கால்களையே எட்டு ஷாட் வைப்பார்கள். இரண்டாவதில் நிற்கிற ஷாட்டின் அருமை புரியும். ஒருவர் கைப்பிடியைப் பிடித்து மூச்சு வாங்குகிற மூன்று நொடி, பத்து ஏறுகிற ஷாட்டுக்குச் சமம்.

மூன்றாவதற்கு அம்மா மண்டபம் படித்துறைக்குப் போங்கள். உங்கள் வீட்டுப் பாட்டியையே அழைத்துப்போய் உட்காரவைத்து, எதையோ பார்க்கிற முகத்தை ஒரே ஷாட்டாக எடுங்கள். நடிக்கச் சொல்லாதீர்கள். அதே ஷாட்டை மூன்று முறை வைத்து, அடுத்து ஒருமுறை ஆடிப்பெருக்கின் நுரைத்த தண்ணீர், ஒருமுறை கோடையில் எடுத்த வெறும் மணல், ஒருமுறை படியில் குதித்து விளையாடும் குழந்தை. மூன்று பேரிடம் தனித்தனியாகக் காட்டி, பாட்டி என்ன நினைக்கிறார் என்று கேளுங்கள். ரஷ்யாவில் குலெஷோவ் நூறு வருடத்துக்கு முன் செய்து பார்த்த சோதனையின் காவிரிப் பதிப்பு இது. முகத்துக்கு அர்த்தத்தை நடிகர் மட்டும் தருவதில்லை என்பது கையால் செய்து பார்த்தால்தான் நம்பிக்கையாகும்.

படம் பார்ப்பதையும் பயிற்சியாக்குங்கள். மகேந்திரனின் 'உதிரிப்பூக்கள்' (1979), லெனின் தொகுத்தது. கடைசி ஆற்றுக் காட்சியை ஒருமுறை சத்தமில்லாமல், ஒருமுறை கண்ணை மூடிச் சத்தத்தை மட்டும். ஒவ்வொரு ஷாட்டும் எத்தனை நொடி நிற்கிறது என்று நோட்டில் எழுதுங்கள். பிறகு 'ஆடுகள'த்தின் சேவல் சண்டையையும் அப்படியே. இரண்டு கணக்கையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். திரைக்கதைக்கு, ஸ்ரீரங்கத்தில் வளர்ந்த சுஜாதாவின் 'திரைக்கதை எழுதுவது எப்படி' இருக்கிறது. ஆனால் எடிட்டருக்கு அவருடைய ஸ்ரீரங்கத்துக் கதைகளே கூடுதல் பாடம் என்பேன். காட்சிக்குள் எவ்வளவு தாமதமாக நுழைகிறார், எவ்வளவு சீக்கிரம் கிளம்பிவிடுகிறார் என்று கவனியுங்கள்.

புதுப் படத்தைத் தியேட்டரில் பாருங்கள், முடிந்தால் இரண்டாவது தடவை திரையைப் பார்க்காமல் கூட்டத்தைப் பாருங்கள். மாரிஸ் தியேட்டரில் எந்த இடத்தில் போன் வெளிச்சங்கள் மின்னத் தொடங்குகின்றன? அங்கே எடிட்டர் தோற்றுக்கொண்டிருக்கிறார். இடைவேளையையும் கவனியுங்கள். வெளிநாட்டுப் புத்தகங்களில் இதற்கு அத்தியாயம் கிடையாது. தமிழ்ப் படத்துக்கு இரண்டு ஆரம்பமும் இரண்டு முடிவும் உண்டு. கேன்டீனில் பப்ஸ் வாங்கிக்கொண்டு இருபது பேர் தாமதமாக உள்ளே வருவார்கள் என்பதை மனதில் வைத்தே இரண்டாம் பாதியின் முதல் காட்சி தொகுக்கப்பட வேண்டும். அதில் கதையின் முக்கியத் தகவலை வைத்தால் அந்த இருபது பேருக்கும் படம் போயிற்று.

சென்னை

படிப்பு வழியாகப் போக விரும்பினால், திருச்சியிலேயே செயின்ட் ஜோசப், பிஷப் ஹீபர் கல்லூரிகளில் விஷுவல் கம்யூனிகேஷன் இருக்கிறது. அது பரவலாக எல்லாவற்றையும் தொட்டுக்காட்டும். எடிட்டிங்குக்கென்றே நான்கு வருடப் பட்டம் சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரியில் உண்டு. பட்டம் முடித்தவர்களுக்குப் புனே, கொல்கத்தா நிறுவனங்கள் இருக்கின்றன. நுழைவுத் தேர்வு கடினம், போட்டி நாடு முழுக்க. அரசுக் கல்லூரியின் பலன் பாடத்தில் இருப்பதைவிடக் கூடப் படிக்கிறவர்களிடம் அதிகம். நாளைய இயக்குநர் பக்கத்து விடுதி அறையில் இருப்பார்.

உதவியாளராகப் போவது மற்ற வழி. அங்கே முதல் வருடம் நீங்கள் ஒரு வெட்டும் போடமாட்டீர்கள். ரஷ், அதாவது படமாக்கிய மூலக் காட்சிகள், வந்ததும் சரிபார்ப்பது, கிளாப் பார்த்துப் படத்தையும் சத்தத்தையும் சேர்ப்பது, உதவி இயக்குநர் அனுப்பிய எடிட்டிங் ரிப்போர்ட்டோடு ஒப்பிட்டு ஓகே டேக், உதவாத என்.ஜி. டேக் பிரிப்பது, காட்சி வாரியாக அடுக்குவது. ஸ்ரீரங்கத்து முகூர்த்த நாளில் செய்த அதே வேலைதான், ஐம்பது அறுபது நாள் படப்பிடிப்பு அளவுக்குப் பெருகியிருக்கும். நம்மூர்ப் படங்களில் இன்னும் பெரும்பாலும் படப்பிடிப்பில் பதிவான பைலட் டிராக்கை வைத்து வெட்டி, பிறகுதான் டப்பிங். நடிகர் டப்பிங்கில் வசனத்தை இழுத்துப் பேசிவிட்டால் வெட்டு மாறும். அந்த மாற்றங்களை நினைவு வைத்திருப்பதும் உதவியாளர் தலையில்தான். படம் லாக் ஆனதும் சவுண்டுக்கு, நிறத்தைச் சரிசெய்யும் டி.ஐ.-க்கு, கிராஃபிக்ஸ் செய்யும் சி.ஜி.-க்கு, இசையமைப்பாளருக்கு என்று ஒவ்வொருவருக்கும் வேறுவேறு வடிவில் அனுப்ப வேண்டும். தணிக்கைச் சான்று வாங்கிய பிறகு ஒரு காட்சியைக் குறைத்தாலும் கூட்டினாலும் வாரியத்துக்குத் தெரிவிக்காமல் செய்ய முடியாது. எது எப்போது மாறியது என்று தேதியோடு குறித்து வைத்திருக்கிற உதவியாளரை எந்த எடிட்டரும் விடமாட்டார்.

பெரிய படங்களில் எடிட்டராகப் பெயர் போட எடிட்டர்கள் சங்க உறுப்பினர் அட்டை தேவைப்படும். அது உதவியாளராக இருக்கும்போதே படிப்படியாகக் கிடைப்பது. இடைத்தரகர் யாருக்கும் அதற்காகப் பணம் கொடுக்காதீர்கள். கட்டண விவரத்தைச் சங்க அலுவலகத்தில் நேரில் கேளுங்கள். பணம் முதல் வருடங்களில் குறைவாகவும் ஒழுங்கில்லாமலும் வரும். அதனால் திருச்சிக் கல்யாணத் தொடர்பை அறுத்துவிடாதீர்கள். வைகாசி, ஆவணி முகூர்த்தங்களுக்கு ஆன்லைனில் ஃபைல் வாங்கி, இரவில் தொகுத்து அனுப்பிச் சமாளித்தவர்கள் நிறைய. எந்த வேலையானாலும் முன்பணம், திருத்தம் எத்தனை சுற்று, டிஸ்க் யாருடையது என்ற மூன்றையும் வாட்ஸ்அப்பிலாவது எழுத்தில் வாங்குங்கள். உடம்பையும் பாருங்கள். மணிக்கு ஒருமுறை எழுந்து நில்லுங்கள். நாற்காலிக்குக் கொடுக்கிற பணம் கிராஃபிக்ஸ் கார்டுக்குக் கொடுப்பதைவிட நெடுநாள் உழைக்கும்.

எடிட்டருக்கு உங்கள் வேலையை அனுப்பும்போது டீசர் மாதிரி அடுக்கிய துண்டுக் காட்சிகளை அனுப்பாதீர்கள். இரண்டு பேர் பேசுகிற ஒரு காட்சி, மூன்று நிமிடம், பாட்டில்லாமல். கூடவே மலைக்கோட்டைப் பயிற்சி. லிங்க் கடவுச்சொல் கேட்காமல் போனிலேயே திறக்க வேண்டும். அவர் வரச்சொன்னால், மலைக்கோட்டை எக்ஸ்பிரஸில் டிக்கெட் போடுவதற்கு முன் அவருடைய உதவியாளர் ஒருவரிடம் அங்கே எதில் வெட்டுகிறார்கள் என்று விசாரித்துவிடுங்கள். பிரீமியர் சாஃப்ட்வேரில் பழகியவருக்கு ஆவிட்டின் டிரிம் முறையும் 'பின்' (bin) அமைப்பும் முதலில் கையில் ஒட்டாது. இரண்டு வாரமாவது அதில் பழகிவிட்டுப் போனால், முதல் நாள் கொடுக்கிற ரஷ்ஷை அன்று சாயங்காலத்துக்குள் அடுக்கி முடிக்கலாம்.